திருநாவுக்கரசின் ஜனவரி விடுப்பு

முப்பத்து நான்கு வருட வேலையில் திருநாவுக்கரசு பிடிவாதமாக எடுத்த விடுப்பு ஒன்றே ஒன்றுதான். ஜனவரி பத்தொன்பது. மகள் அகிலா பள்ளியில் பரிசு வாங்கிய அன்று எடுக்கவில்லை. மைத்துனன் கல்யாணத்துக்கும் எடுக்கவில்லை. பழுது பார்க்கப் போன கப்பலிலேயே சென்னைக்குப் போய், தாலி கட்டிய மறுநாள் பந்தலில் நின்றார். ஆனால் ஜனவரி பத்தொன்பது என்றால் போர்ட் பிளேர் ஃபீனிக்ஸ் பே கப்பல் பட்டறையில் அவருடைய முக்காலி காலியாகத்தான் இருக்கும். விண்ணப்பத்தில் காரணம் இரண்டே வார்த்தை: சொந்த வேலை.

அந்தச் சொந்த வேலை குடிப்பது என்று அவர் மனைவி நீலாவதி முடிவு கட்டியிருந்தார். ஆண்டுக்கு ஒருமுறை, ஜனவரி முடிவதற்குள், கணவரின் சட்டைப் பையைத் தைத்துக்கொண்டே மகளிடம் சொல்வார்: "ஊர்ல இருக்கறவன் வேல முடிஞ்சு வந்து குடிப்பான். உங்கப்பா வேலைக்கு லீவு போட்டுக் குடிக்கிறாரு."

திருநாவுக்கரசு காதில் விழும். அவர் அதிகம் பேசுகிற ஆள் இல்லை. குளிர்பதன இயந்திரங்களோடு பழகியவர். அவை சத்தம் போடும், இவர் கேட்டுக்கொண்டிருப்பார். தீவுகளுக்கு இடையே ஓடும் கப்பல்களில் குளிரறை என்ற ஒன்று இருந்தால் அதில் எங்காவது அவர் கை பட்டிருக்கும். ஒருமுறை கார் நிகோபார் போகும் வழியில் கடல் கொந்தளித்து, குளிரறையின் மோட்டார் நின்றுபோனது. உள்ளே தடுப்பூசி மருந்துப் பெட்டிகள். பதினான்கு மணி நேரம் அதன் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, பெல்ட்டைக் கையால் இழுத்துவிட்டு ஓட்டினார். மருந்து கெடவில்லை. கரையிறங்கியதும் கப்பல்காரர்கள் கை கொடுக்க வந்தபோது அவரால் விரலை நீட்ட முடியவில்லை. இதையும் வீட்டில் அவர் சொல்லவில்லை. உடன் வேலை பார்த்த நாகராஜ் சொல்லித்தான் தெரியும்.

ஜனவரி பத்தொன்பதின் கதை 2006-இல் தொடங்கியது.

ஒரு பாய்மரப் படகு துறைமுகத்துக்கு வெளியே நங்கூரம் போட்டிருந்தது. அமெரிக்காவிலிருந்து கிளம்பிப் பாதி உலகம் சுற்றி வந்த வயதான தம்பதி. படகின் உறைபெட்டி செத்துப்போயிருந்தது. பட்டறை வேலை முடிந்த பிறகு திருநாவுக்கரசு ஒரு சிறு படகில் போய், பழைய சாமானில் இருந்து வெட்டியெடுத்த ஒரு வால்வைப் பொருத்தி, அதை ஓட வைத்தார். அடுத்த நாள் அந்த அம்மாள் அவரைக் கூப்பிட்டு ஒரு கண்ணாடித் தம்ளரில் ஏதோ கொடுத்தாள். போர்பன் விஸ்கி, பழத்தில் ஊறிய இனிப்பு மது, கடுந்தேநீர், எலுமிச்சை. எல்லாம் சேர்ந்து ஒரு ராத்திரி முழுக்க உறைந்தது. ஆனால் கல்லாக இல்லை. ஈர மணல் மாதிரி கரண்டியில் அள்ள வந்தது.

திருநாவுக்கரசு ஒரு வாய் குடித்துவிட்டுப் பெட்டியின் வெப்பமானியைப் பார்த்தார். பூஜ்யத்துக்குக் கீழே பதினைந்து. இது ஏன் கல்லாகவில்லை என்றுதான் முதலில் கேட்டார். ருசியைப் பற்றிக் கேட்கவில்லை. விஸ்கி இருப்பதால் என்றாள் அந்த அம்மாள். அவருக்கு அது போதும். கிளம்பும்போது பாதிப் புட்டியைக் கையில் கொடுத்தனுப்பினார்கள். அன்றைக்குத் தேதி பத்தொன்பது.

அந்த அம்மாளுடைய இனிப்பு மதுவுக்குப் போர்ட் பிளேரில் வழியில்லை. ஆனால் டாலிகஞ்சில் அவர் வீட்டின் பின்னால் ஒரு நாவல் மரம் இருந்தது. பழுக்கும் காலத்தில் பழத்தைக் கழுவித் துடைத்து, பிராந்தி, சர்க்கரை, நான்கு கிராம்பு சேர்த்து ஊறுகாய் ஜாடியில் போட்டு, வாயைத் துணியால் கட்டி, அலமாரிக்கு மேலே ஏற்றி வைத்தார். ஜனவரியில் இறக்கினால் மை போலக் கறுத்து, நாக்கில் பட்டதும் துவர்த்து, பிறகு இனிக்கும். மிச்சப் பழத்தைக் கொட்டை நீக்கிப் பிசைந்து, பைகளில் கட்டி உறைய வைத்துக்கொண்டார். அளவு எளிது. போர்பன் ஒரு பங்கு, நாவல் மது அரைப் பங்கு, தேநீரும் நாவல் சாறும் நான்கு பங்கு. ஒரு மூடி எலுமிச்சை. ஐஸ்கிரீம் டப்பாவில் ஊற்றி வீட்டு ஃப்ரிட்ஜின் மேல் தட்டில் வைத்தால், காலையில் கத்தரிப்பூ நிறத்தில் பனி. தம்ளரில் இரண்டு கரண்டி அள்ளிப் போட்டு மேலே சோடா ஊற்றினால் நுரைத்துக்கொண்டு ஏறும். நாகராஜும் எலக்ட்ரீஷியன் ஸ்ரீதரும் நான்கு மணிக்கு வருவார்கள். ஐந்தேகாலுக்கு அங்கே சூரியன் இறங்கிவிடும்; அதற்குள் எல்லாம் முடிந்துவிடும். திருநாவுக்கரசு குடிப்பது ஒரு தம்ளர். வருடத்துக்கே அந்த ஒரு தம்ளர்தான்.

அந்த முதல் வருடமே ஒரு பிசகு நடந்தது. பிசகு என்று அவர்தான் நினைத்தார்.

ஹபீப் முகம்மது அவருடைய கப்பல் சிநேகிதர். 1986-இல் சென்னையிலிருந்து வந்த கப்பலின் பங்க் கிளாஸில் அடுத்தடுத்த படுக்கை. இவர் முதுகுளத்தூர்க்காரர், அவர் தொண்டிக்காரர். மூன்று நாள் வாந்தியெடுத்துக் கிடந்த திருநாவுக்கரசுக்கு உப்பு எலுமிச்சையும் வறுத்த அரிசியும் கொடுத்துக் கரை சேர்த்தவர் ஹபீப். பிறகு ஒருவர் பட்டறைக்குப் போனார், மற்றவர் ஜங்லிகாட்டில் மாமாவின் மளிகைக் கடைக்குப் போனார். ஹபீப் மது தொடாதவர். முதல் வருடம் திருநாவுக்கரசு விஸ்கியும் நாவல் மதுவும் இல்லாமல் தேநீரும் சாறும் மட்டும் தனியாக உறைய வைத்து, குத்தி உடைத்து, வீட்டிலிருந்து ஒரு தம்ளரில் கரண்டியோடு போட்டுக் கடைக்குக் கொண்டுபோனார்.

ஹபீப் தம்ளரை வாங்கி, வாய்ப்பக்கம் கொண்டுபோகும் முன் கேட்டார்: "அரசு, இந்தக் கரண்டி அதுலயும் போச்சா?"

திருநாவுக்கரசு கரண்டியைப் பார்த்தார். "போச்சு" என்றார்.

ஹபீப் தம்ளரைக் கல்லாப்பெட்டியின் மேல் மெதுவாக வைத்தார். பரவாயில்லை, அடுத்த தடவை பார்த்துக்கொள்ளலாம் என்றார். கோபமில்லை. தேநீர் வரவழைத்துக் கொடுத்தார். திருநாவுக்கரசு மன்னிப்புக் கேட்கவில்லை. கேட்கத் தெரியாது.

அடுத்த ஜனவரியில் ஒரு தட்டம் வந்தது. பழைய குளிரறைத் தகட்டை வெட்டி, நாகராஜிடம் கொடுத்து மூலைகளைப் பற்றவைத்தது. எவர்சில்வர், ஒரு முழ நீளம், நான்கு விரல் ஆழம், மேலே மூடி, மூடியில் சிவப்பு எலக்ட்ரிகல் டேப். அதோடு தனிப் பாத்திரம், தனி வடிகட்டி, தனிக் கரண்டி. போர்பன் புட்டியைத் திறக்கும் முன்பே ஹபீபுக்கானதைக் கலக்கிக் கேனில் ஊற்றி மூடிவிட வேண்டும். அந்தத் தட்டம் டாலிகஞ்ச் வீட்டு ஃப்ரிட்ஜில் ஏறாது. ஹபீபின் கடையில் ஐஸ்கிரீம் வைக்கும் உறைபெட்டியில்தான் உறையும். பிற்பகல் அஸர் தொழுது ஹபீப் வந்ததும் கடையில் வைத்தே முதல் கரண்டி அவருக்கு. அதன் பிறகுதான் டாலிகஞ்சில் மற்ற டப்பா திறக்கும். இந்தச் சட்டத்தை யாரும் எழுதி வைக்கவில்லை. பதினெட்டு வருடம் ஒருமுறைகூட மீறப்படவில்லை. பள்ளியில் படித்த வரைக்கும் அகிலாவுக்கும் அந்தத் தட்டத்தில்தான் பங்கு. பள்ளிவிட்டு நேராகக் கடைக்குப் போவாள். பருக்கை பருக்கையாக, வாயில் போட்டதும் சத்தமில்லாமல் கரையும்.

அக்டோபர் மாதம் ஒரு காலையில் திருநாவுக்கரசு பக்கத்துத் தெருவில் ஒரு வீட்டு ஃப்ரிட்ஜைப் பார்க்கப் போனார். ஓய்வு பெற்ற பிறகும் அது நிற்கவில்லை. வாயுக்கசிவு தேட, குழாயில் சோப்பு நுரையைத் தடவிவிட்டு உட்கார்ந்தவர் அப்படியே சாய்ந்தார். ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே முடிந்துவிட்டது. கையில் நுரை காய்ந்திருந்தது.

அதற்கு முந்தின வாரம் தொலைபேசியில் அவர் மகளிடம் கேட்டிருந்தார், புட்டி வாங்கிவிட்டாயா என்று. வேலைக்குச் சேர்ந்ததிலிருந்து வருடத்துக்கு ஒரு போர்பன் புட்டி வாங்கி வருவது அகிலாவின் பொறுப்பு. சென்னை மாதவரத்தில் ஒரு குளிர்பதனக் கிடங்கில் அவள் பொறியாளர். ஜனவரிக்கு இன்னும் நாள் இருக்கிறதே அப்பா என்றாள். ஆமாம் என்று வைத்துவிட்டார்.

ஜனவரி பதினான்காம் தேதி அவள் புட்டியோடு போர்ட் பிளேரில் வந்து இறங்கினாள்.

ஒரு முறையாவது அந்த நாளை அப்பா செய்தபடியே செய்து முடிக்க வேண்டும். அவ்வளவுதான் அவள் நினைத்தது. ஃப்ரிட்ஜில் அப்பா கட்டிவைத்த நாவல் விழுது மூன்று பை இருந்தது. ஒன்று நண்பர்கள் டப்பாவுக்கு. ஒன்று ஹபீப் மாமாவுக்கு. ஒன்று சோதனைக்கு. மரம் இனி ஜூனில்தான் பழுக்கும், அதைப் பிசைய அந்தக் கை இருக்காது.

நண்பர்கள் டப்பா அவளைப் பயமுறுத்தவில்லை. அளவு தெரியும், நாவல் மது ஜாடியில் ஊறி நின்றது, மற்றதை விஸ்கி பார்த்துக்கொள்ளும். சிக்கல் ஹபீப் மாமாவின் தட்டம். சோதனைப் பையைப் பிரித்து, தேநீர் கலந்து, நான்கு கிண்ணங்களில் ஊற்றினாள். முதல் கிண்ணம் சும்மா. காலையில் அதைத் தரையில் போட்டால் தரைதான் உடையும். இரண்டாவதில் சர்க்கரையை இரட்டித்தாள். இளகி வந்தது, அழகாகவும் இருந்தது. ஆனால் ஹபீப் மாமாவுக்கு இருபது வருடமாகச் சர்க்கரை வியாதி; காலில் ஒரு விரலை ஏற்கெனவே எடுத்தாயிற்று. அப்பா அப்படிச் செய்திருக்கவே மாட்டார். மூன்றாவதில் உப்பு. கார்பின்ஸ் கோவ் கடலை வாயில் விட்ட மாதிரி இருந்தது. நான்காவதற்கு மருந்துக்கடையில் கிளிசரின் வாங்கி வந்தாள். புட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். எண்ணெயில் எடுத்ததா, மாட்டுக் கொழுப்பில் எடுத்ததா, பன்றிக் கொழுப்பில் எடுத்ததா, எதுவும் போடவில்லை. புட்டியைத் திறக்காமலே அலமாரியில் வைத்துவிட்டாள். அந்தக் கிண்ணத்தில் இருந்ததைக் கட்டியாக்கிப் புது மிக்ஸி ஜாரில் அடித்தாள். பாதி தண்ணீர், பாதி சரளைக்கல்.

அவள் படித்தது இதுதான். திரவம் கல்லாகாமல் உறைய வேண்டும் என்றால் அதில் ஏதாவது கரைந்திருக்க வேண்டும். அப்பா என்ன கரைத்தார்? வீடெல்லாம் தேடினாள். குறிப்பு ஒன்றும் இல்லை. அவர் எழுதி வைத்ததெல்லாம் பைகளின் மேல் ஒட்டிய தேதி மட்டும்.

அம்மாவைக் கேட்டாள். நீலாவதி புளியைக் கரைத்துக்கொண்டிருந்தார். "எனக்கெப்படித் தெரியும்? காலைல எட்டு மணிக்குக் கேனத் தூக்கிட்டுக் கெளம்பினா நாலு மணிக்குக் கூட்டாளிங்களோட சிரிச்சிக்கிட்டு வருவாரு. எங்க போனாரு, எவ்வளவு குடிச்சாருன்னு நான் ஒருநாளும் கேட்டதில்ல. கேக்க வேணாம்னுதான் கேக்கல." பிறகு, பேசாமல் ஒரு ஐஸ்கிரீம் டப்பா வாங்கிக் கொடுத்துவிட்டு வா என்றார். அகிலா அதைக் கேட்காத மாதிரி இருந்துவிட்டாள்.

பதினேழாம் தேதி ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு ஜங்லிகாட்டுக்குப் போனாள்.

ஹபீப் முகம்மது ஒரு பெங்காலி அம்மாளுக்குக் கடுகெண்ணெய் நிறுத்துக்கொண்டே இந்தியில் அவள் மருமகனைப் பற்றி விசாரித்துக்கொண்டிருந்தார். அகிலாவைப் பார்த்ததும் பேச்சு நின்றது. முக்காலியை இழுத்துப் போட்டார். அவர் மனைவி அஸ்மா மாமி நன்றாக இருக்கிறாரா, அம்மாவின் பென்ஷன் காகிதம் வந்துவிட்டதா என்று இருவரும் மாற்றி மாற்றிக் கேட்டு முடிந்த பிறகு, அவள் விஷயத்தைச் சொன்னாள்.

ஹபீப் தலையை ஆட்டினார். "வேணாம் தாயி. அவன் கையால தின்னது. அது அவனோட போச்சு. நீ நாகராஜுக்கும் ஸ்ரீதருக்கும் பண்ணிக் குடு, டீக் ஹை. என்ன விட்டுரு."

அவள் வாதாடவில்லை. உண்மையைச் சொன்னாள். "எனக்கு வரவும் இல்ல மாமா. நாலு தடவ பண்ணிட்டேன். கல்லாப் போகுது."

"கல்லா?" அவர் முகத்தில் ஒரு சிரிப்பு வந்து போனது. "அவனுக்கு ஒருநாளும் ஆனதில்லையே. சோறு மாதிரி உதிரியா இருக்கும்."

"என்ன போட்டார்னு கேட்டிருக்கீங்களா?"

"மொத வருசம் ஒரு கேள்வி கேட்டேன். அவன் ஒரு வருசம் அதையே நெனச்சுட்டுக் கெடந்தான். அதோட கேக்கறத விட்டுட்டேன். அவன் குடுத்தா நான் தின்பேன்." பிறகு தானாகவே பேசினார். அன்றைக்கு ஒரு நாள் முழுக்க அரசு கடையிலேயே கிடப்பானாம். ஊர்க்கதை, கப்பல் கதை, ஒன்றும் பேசாமலும் உட்கார்ந்திருப்பானாம். அந்த ஒரு நாளுக்காகத் தான் வருடம் பூராவும் காத்திருப்பேன் என்றார். "ஆனா அவனுக்கு ஒரு வியாதி. அரை மணிக்கு ஒருக்கா எந்திரிச்சு உள்ள போயிருவான். பெட்டி கம்ப்ரசர் சத்தம் சரியில்லம்பான். கதவச் சாத்திக்கிட்டுக் கொஞ்ச நேரம் பாப்பான். பெட்டிய நான் ரெண்டு தடவ மாத்திட்டேன் புள்ள. புதுப் பெட்டிக்கும் அதே சீக்குதான்."

அகிலா தட்டத்தைக் கேட்டாள். அவர் எழுந்து, மேல் தட்டில் ஒரு துணிப்பையில் சுற்றி வைத்திருந்ததை எடுத்தார். கொடுக்கும்போது இரண்டு கையாலும் கொடுத்தார்.

அவள் மூடியைத் திறந்து வெளிச்சத்தில் சாய்த்தாள். அடித்தகட்டில் மெல்லிய கீறல்கள். நூற்றுக்கணக்கில். தேய்த்துக் கழுவிய கீறல் வட்டமாகப் போகும். இவை நேராக இருந்தன. ஓரத்தில் தொடங்கி நடுவுக்கு வந்து நின்றன. நான்கு நான்காக, ஒரே இடைவெளியில்.

கிடங்கில் தேய்ந்த உருளைகளைப் பார்த்தே எந்தப் பேரிங் கெட்டது என்று சொல்கிற பெண் அவள். விரலை வைத்து இடைவெளியை அளந்தாள். வீட்டில் இருக்கும் முள் கரண்டியின் நான்கு முனை.

அப்பா ஒன்றும் கரைக்கவில்லை. கரைக்கக்கூடியதெல்லாம் அவருக்கும் தெரிந்திருக்கும். ஒவ்வொன்றையும் ஹபீப் மாமாவுக்காகத் தள்ளியிருப்பார். மிச்சம் இருந்தது ஒரே வழி. உறைய உறையச் சுரண்டுவது. கடைப் பெட்டியை ஆள் ஓயாமல் திறப்பார்கள், அதனால் தட்டம் உறைய ஒரு பகல் முழுக்க ஆகும். அந்தப் பகல் முழுக்க அரை மணிக்கு ஒருமுறை, கட்டி சேரும் முன்னால் சுரண்டிவிட வேண்டும். இன்னொருவர் கடையில் போய் எட்டு மணி நேரம் உட்கார வேண்டும். அதற்கு ஒரு நாள் விடுப்பு வேண்டும்.

டாலிகஞ்ச் டப்பாவுக்கு யாரும் காவல் இருக்க வேண்டியதே இல்லை. அது தூங்கும்போதே ஆகிவிடும்.

அவள் தட்டத்தை மூடினாள். "பத்தொன்பதாம் தேதி காலைல எட்டு மணிக்கு வரேன் மாமா" என்றாள். "கம்ப்ரசர் பாக்கணும்."

"அரே, நீயுமா?" என்றார் ஹபீப். வேண்டாம் என்று சொல்லவில்லை.

பதினெட்டாம் தேதி சாயங்காலம் ஹபீபுக்கானதை முதலில் கலக்கினாள். கடைசிப் பைக்கு முந்தின பை. தனிப் பாத்திரம், தனி வடிகட்டி. கேனை மூடி வாசலில் வைத்த பிறகுதான் போர்பன் புட்டியைத் திருகினாள். நீலாவதி வாசல்படியில் நின்று எல்லாவற்றையும் பார்த்தார்.

மறுநாள் காலை எட்டேகாலுக்குத் தட்டம் பெட்டிக்குள் போனது, பால் ஐஸ் அட்டைப்பெட்டிகளுக்கு நடுவில். கடையின் பின்னறையில் அரிசி மூட்டை, ஒரு பல்பு, பெட்டியின் முனகல். ஒன்பது மணிக்கு ஓரங்களில் ஊசி ஊசியாகப் பனி பிடித்தது. முள் கரண்டியால் ஓரத்திலிருந்து நடுவுக்கு இழுத்தாள். அப்பாவின் கீறல்கள் மேலேயே அவள் கீறல் விழுந்தது. ஒன்பதரைக்கு மீண்டும். பத்துக்கு மீண்டும். இடையில் முன்னால் வந்து உட்கார்ந்து ஹபீப் மாமாவோடு பேசினாள். முப்பது நிமிடம் ஒரு பேச்சுக்குச் சரியான நீளம் என்று தெரிந்தது. சொல்ல வேண்டியது தீரும்போது எழுந்துவிடலாம்.

ஒவ்வொரு தடவையும் அவர் கேட்டார், சத்தம் எப்படி இருக்கிறது என்று. பரவாயில்லை மாமா என்றாள்.

மதியம் லுஹர் தொழுகைக்குப் போகும்போது கடையைப் பார்த்துக்கொள்ளச் சொன்னார். அந்த நேரம் பார்த்து ஒருவன் வந்து ஐந்து வகைப் பருப்புக்கும் பேர் கேட்டான். பத்து நிமிடம் பிந்திவிட்டது. ஓடிப் போய் மூடியைத் திறந்தால் மேலே கண்ணாடி மாதிரி ஒரு பாளம். இரண்டு கையாலும் முள் கரண்டியைப் பிடித்துக் குத்திக் குத்தி உடைத்துக்கொண்டிருந்தாள். அவசரத்தில் கதவைச் சாத்தவில்லை.

நிமிர்ந்தபோது ஹபீப் தொப்பியோடு வாசலில் நின்றிருந்தார்.

தட்டத்தைப் பார்த்தார். முள் கரண்டியைப் பார்த்தார். பெட்டியைப் பார்த்தார். அவருக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. "அவன் இதத்தான் பண்ணிக்கிட்டு இருந்தானா?"

"ஆமா மாமா."

"ஒவ்வொரு வருசமும்?"

"பதினெட்டு வருசமும்."

ஹபீப் அரிசி மூட்டை மேல் உட்கார்ந்தார். முன்னால் யாரோ பாய், பாய் என்று கூப்பிட்டுப் பார்த்துவிட்டுப் போனார்கள். "கிறுக்குப்பய" என்றார் கடைசியில். "ஒரு வார்த்த சொல்லியிருந்தா, வேணாம்டா, தண்ணியா இருந்தாலும் குடிக்கிறேன்னு சொல்லியிருப்பேனே."

"அதனாலதான் சொல்லல."

அவர் கையை நீட்டினார். "குடு இங்க." எழுந்து வந்து, கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு, பாளத்தின் ஓரத்தில் முள் கரண்டியை வைத்தார். ஓரத்திலிருந்து நடுவுக்கு இழுக்க வேண்டும் என்று அகிலா சொன்னாள். எனக்குத் தெரியாதா என்கிற மாதிரி பார்த்துவிட்டு, அப்படியே இழுத்தார். அதற்குப் பிறகு வந்த அரை மணிகளெல்லாம் அவருடையவை. கல்லாவில் அகிலா உட்கார்ந்தாள். பருப்பின் பேரெல்லாம் மனப்பாடமாகிவிட்டது.

அஸர் முடிந்து மூன்றரைக்குத் தட்டம் வெளியே வந்தது. கத்தரிப்பூ நிறம், பருக்கை பருக்கையாக. தனிக் கரண்டியால் அவள் அள்ளிக் கொடுத்தாள். ஹபீப் கேள்வி கேட்கவில்லை. வாயில் போட்டு, கரையும் வரை கண்ணைத் திறக்கவில்லை.

"சரியா இருக்கா மாமா?"

"நடுவுல ஒரு கட்டி இருக்கு. அது நீ பருப்பு வித்த நேரம்." இரண்டாவது கரண்டிக்குத் தம்ளரை நீட்டினார்.

அதன் பிறகு அவர் செய்தது பதினெட்டு வருடத்தில் செய்யாதது. பாதி ஷட்டரை இறக்கினார். தட்டத்தைத் துணிப்பையில் வைத்து மடியில் ஏந்திக்கொண்டு ஆட்டோவில் டாலிகஞ்சுக்கு வந்தார். வீட்டில் நாகராஜும் ஸ்ரீதரும் முன்கூட்டியே வந்து உட்கார்ந்திருந்தார்கள். ஹபீபைப் பார்த்ததும் ஸ்ரீதர் ஃப்ரிட்ஜ் பக்கம் போன காலைப் பின்னுக்கு இழுத்தார். இருக்கட்டும், இதை முடித்துவிட்டு நான் போன பிறகு உங்கள் கச்சேரி என்றார் ஹபீப். தட்டத்தை நீலாவதி முன்னால் வைத்தார்.

நீலாவதி ஒரு கரண்டி வாயில் போட்டார். இத்தனை வருடத்தில் முதல் முறை. சாப்பிட்டு முடித்துவிட்டுத்தான் கேட்டார். "அண்ணே, வருசா வருசம் இந்த நாள்ல காலைல இருந்து அவர் எங்க இருந்தாரு?"

"என் கடைலதான். எட்டு மணியில இருந்து நாலு வரைக்கும்."

"குடிச்சிக்கிட்டா?"

"என் கடைலயா?" ஹபீப் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுச் சொன்னார். கம்ப்ரசரைச் சொன்னார், இரண்டு தடவை மாற்றிய பெட்டியைச் சொன்னார், முள் கரண்டியைச் சொன்னார். நாகராஜ் தட்டத்தைக் கையில் எடுத்து, தான் வைத்த பற்றைத் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அந்த முள் கரண்டிய எங்க வெச்சிருப்பாரு?" என்றார் நீலாவதி.

"சட்டப் பையிலதான். எனக்குத் தெரியக் கூடாதுல்ல."

நீலாவதி மகளைப் பார்த்து, விரலால் தன் இடது தோளுக்குக் கீழே காட்டினார். "ஒவ்வொரு ஜனவரியும் பையத் தச்சேன். அடியில நாலு ஓட்ட இருக்கும். வரிசையா. வேல பாக்கற எடத்துல எதோ குத்தியிருக்குன்னு நெனச்சேன்."

ஐந்து மணிக்கு ஹபீப் கிளம்பினார். தட்டத்தை வாங்கக் கையை நீட்டியபோது நீலாவதி கொடுக்கவில்லை. கழுவித் தருகிறேன் என்றார். மேசையில் நண்பர்களுக்கான தம்ளர்கள் வரிசையாக இருந்தன. அவற்றைத் தொடாமல் சுற்றிக்கொண்டு, தட்டத்தையும் அதன் கரண்டியையும் வெளிக்குழாய்க்கு எடுத்துப் போனார். புதுத் தேங்காய் நாரில் சோப்புப் போட்டுத் தேய்த்து, புடவைத் தலைப்பால் துடைத்து, மூடியின் சிவப்பு டேப்பை ஒருமுறை அழுத்திவிட்டு ஹபீப் கையில் கொடுத்தார்.

"அடுத்த வருசம் நான் கொண்டாறேன் அண்ணே" என்றார். "காலைல எட்டு மணிக்கு."